பிற்பகலில் சாகும் குஞ்சுகள்: சிங்கப்பூர் வெக்கையில் கோழிக்குஞ்சு வளர்ப்பது

கேட்டவர் சிலேத்தார் பக்கம் தரைவீட்டில் இருப்பவர். அவர் சொன்னது இதுதான்: இன்குபேட்டரில் பொரித்த ஒன்பது குஞ்சுகள், வயது 12 நாள். பின்கட்டில் பாலிகார்பனேட் கூரைக்குக் கீழே, மூடியில் துளை போட்ட பிளாஸ்டிக் பெட்டியில் வைத்திருக்கிறார். செராமிக் வெப்பவிளக்கு இரவும் பகலும் எரிகிறது. இந்த வாரம் மூன்று குஞ்சுகள் இறந்துவிட்டன, மூன்றும் பிற்பகலில். இறக்கையை விரித்துப் போட்டு, அலகைத் திறந்து மூச்சு வாங்கியிருக்கின்றன. நாமக்கல் பண்ணைக்காரர் ஒருவர் வீடியோவில் சொன்னபடி பெட்டியைச் சுற்றி ஈரச்சாக்கு கட்டியும் பயனில்லை. ஏர்கான் அறைக்கு மாற்றலாமா, எப்போது தோட்டத்தில் விடலாம் என்று கேட்கிறார்.

தம்பி, மிச்சம் ஆறு குஞ்சுகள் இருக்கின்றன. விளக்கம் படிப்பதற்கு முன்னால் எழுந்து போய் இதைச் செய்யுங்கள். விளக்கை அணையுங்கள். மூடியை எடுத்துவிட்டு அந்த இடத்தில் கம்பிவலையை வையுங்கள். பெட்டியைப் பாலிகார்பனேட் கூரைக்குக் கீழிருந்து எடுத்து, வீட்டுக்குள் காற்று வரும் ஒரு மூலையில், வெயில் படாத இடத்தில் வையுங்கள். ஈரச்சாக்கை அவிழ்த்து எறியுங்கள். தண்ணீரை மாற்றுங்கள். ஏர்கான் வேண்டாம். இனி காரணம் சொல்கிறேன்.

லிம் சூ காங்கில் முட்டைப் பண்ணை வேலையில் பல வருடம் இருந்தவன் நான். இளங்குஞ்சு இறந்தால் அங்கே முதலில் கேட்கும் கேள்வி, "எத்தனை மணிக்கு?" என்பதுதான். விடியற்காலையில் மூலையில் குவிந்து கிடந்து செத்திருந்தால் இரவுக் குளிர். பிற்பகலில் தனித்தனியாகப் பரந்து கிடந்தால் வெக்கை. நேரம் காலம் இல்லாமல், முதலில் சுருண்டு உட்கார்ந்து, எச்சத்தில் ரத்தம் கண்டு செத்தால் அது நோய். உங்கள் குஞ்சுகள் இறந்த நேரமும் இறந்த விதமும் இரண்டாவதையே சொல்கின்றன.

ஆனால் வெயில் மட்டும் குஞ்சைக் கொல்வதில்லை. பொரித்து வெளியே வந்த குஞ்சுக்கு முதல் வாரம் 32 முதல் 35 டிகிரி வெப்பம் வேண்டும். அதன் உடம்பில் இருப்பது பூமுடிதான், இறகு இல்லை. சொந்தமாக உடல் சூட்டைக் காத்துக்கொள்ளும் திறன் வர இரண்டு, மூன்று வாரம் ஆகும். முதல் வாரத்துக்குப் பிறகு வாரத்துக்குச் சுமார் 3 டிகிரி வீதம் குறைத்துக்கொண்டே போய், ஐந்தாறு வாரத்தில் இறகு முழுக்க முளைத்ததும் வெப்பத்தை நிறுத்திவிட வேண்டும். குளிர்நாட்டுப் புத்தகங்களும் வீடியோக்களும் இந்தக் கணக்கைத்தான் சொல்கின்றன. கணக்கு சரி. அதைச் சிங்கப்பூர் வானிலையோடு ஒட்டிப் பார்க்க யாரும் சொல்லித் தருவதில்லை.

இங்கே பகலில் சாதாரணமாகவே 31, 32 டிகிரி. ஏப்ரல், மே மாதங்களில் 34, 35-ஐத் தொடும். 1983 ஏப்ரலில் தெங்காவிலும் 2023 மே மாதம் அங் மோ கியோவிலும் பதிவான 37 டிகிரிதான் இந்தத் தீவின் உச்சம். உங்கள் 12 நாள் குஞ்சுக்கு இப்போது வேண்டியது 29, 30. அதாவது வெளியே நிழலில் இருக்கும் காற்றே அதற்குப் போதும், சில நாள் அதிகமும்கூட. அதன் மேல் ஒரு வெப்பவிளக்கு, அதற்கும் மேல் வெயிலை உள்ளே விட்டுச் சூட்டை வெளியே விடாத கூரை, போதாததற்கு மூடி. அந்தப் பெட்டிக்குள், தரையிலிருந்து 5 சென்டிமீட்டர் உயரத்தில், குஞ்சின் முதுகு இருக்கும் மட்டத்தில் ஒரு தெர்மாமீட்டரை வைத்துப் பாருங்கள். சுவரில் மாட்டியிருக்கும் தெர்மாமீட்டர் உங்களுக்கான அளவைச் சொல்லும், குஞ்சுக்கானதைச் சொல்லாது.

கோழிக்கு வியர்வைச் சுரப்பி கிடையாது. கொண்டையும் தாடியும் இல்லாத குஞ்சுக்குச் சூட்டை வெளியேற்ற வழி இன்னும் குறைவு. அலகைத் திறந்து வேகவேகமாக மூச்சுவிட்டு, தொண்டையிலும் மூச்சுக்குழாயிலும் உள்ள ஈரத்தை ஆவியாக்கித்தான் அது குளிர்ந்தாக வேண்டும். அப்படி இரைக்கும்போது உடம்பிலிருந்து தண்ணீர் போகிறது, கரியமில வாயுவும் அளவுக்கு மீறி வெளியேறி ரத்தத்தின் அமிலச் சமநிலை கெடுகிறது. கோழியின் இயல்பான உடல் சூடு 41 டிகிரிக்கு மேல். சின்னக் குஞ்சுக்கு ஒரு டிகிரி குறைவாக இருக்கும். அது 46, 47-க்கு ஏறினால் பிழைப்பது அரிது. அதனால்தான் காலையில் துள்ளிய குஞ்சு மூன்று மணிக்குக் கிடப்பது.

இந்த இரைப்பு பலன் தர வேண்டுமானால் சுற்றியுள்ள காற்று ஈரத்தை வாங்கிக்கொள்ள வேண்டும். இங்கேதான் நாமக்கல் யோசனை காலை வாரியது. அந்தப் பண்ணைக்காரர் சொன்னதில் தப்பே இல்லை. அவர் ஊர்க் கோடையில் காற்று காய்ந்து கிடக்கும். ஈரச்சாக்கைக் கட்டினால் தண்ணீர் விறுவிறுவென்று ஆவியாகி, கொட்டகைக்குள் சூடு இறங்கும். சிங்கப்பூரில் விடியற்காலையில் காற்றின் ஈரப்பதம் 90 விழுக்காட்டுக்கு மேல். நல்ல வெயில் நேரத்திலும் சுமார் 60 இருக்கும், மழை கட்டி நிற்கும் பிற்பகலில் இன்னும் அதிகம். காற்றாடாத பின்கட்டில் ஈரச்சாக்கைச் சுற்றினால் பெட்டிக்குள் இருக்கும் காற்று இன்னும் நனைகிறது, குஞ்சின் மூச்சு ஈரத்தைக் கொண்டுபோக இடமில்லாமல் நிற்கிறது. துவைத்துப் போட்ட சேலை மழைநாளில் கொடியில் காயாமல் தொங்குவதைப் போலத்தான் இதுவும். தண்ணீர் தெளிக்கும் ஸ்ப்ரே, பனித்தூவி விசிறி எல்லாவற்றுக்கும் இதே பதில். திறந்த வெளியில், காற்று ஓடும் இடத்தில், வளர்ந்த கோழிகளுக்கு ஓரளவு உதவும். பெட்டிக்குள் இருக்கும் குஞ்சுக்கு வேண்டாம்.

ஆகவே இந்த ஊரில் குஞ்சு வளர்ப்பவர் டிகிரியோடு மல்லுக்கட்டுவதை விட்டுவிட்டுப் புழுக்கத்தோடு மல்லுக்கட்ட வேண்டும். காற்றோட்டம் உள்ள 33 டிகிரியில் இரண்டு வாரக் குஞ்சு தாக்குப்பிடித்துவிடும். மூடிய பெட்டிக்குள் அதே 33 டிகிரியில் எச்சத்தின் ஈரமும் அம்மோனியா நெடியும் சேர்ந்தால் அது தாங்காது.

ஏர்கான் ஏன் வேண்டாம் என்கிறேன்? 23, 24 டிகிரியில் ஓடும் அறை பன்னிரண்டு நாள் குஞ்சுக்குக் குளிர்காலம். விளக்கில்லாமல் அங்கே வைத்தால் ஒன்றன்மேல் ஒன்று ஏறி நெருக்கிக்கொள்ளும், அடியில் சிக்கிய குஞ்சு நசுங்கி மூச்சு முட்டிச் சாகும். விளக்கோடு வைத்தால் ஒரு பக்கம் சூடு, ஒரு பக்கம் குளிர்க்காற்று என்று அலைக்கழியும். அதோடு நீங்கள் வேலைக்குப் போகும்போது ஏர்கானை அணைத்துவிட்டால், கதவு ஜன்னல் அடைத்த அந்த அறையே பெட்டியாகிவிடும். விசிறி வைக்கலாம், ஆனால் காற்று குஞ்சின் மேல் நேரே அடிக்கக் கூடாது. பூமுடிக் குஞ்சின் மேல் நேராகக் காற்றுப் பட்டால் உடம்பு சட்டென்று குளிர்ந்துவிடும். விசிறியைச் சுவர் பக்கம் திருப்பி வையுங்கள். அறைக்குள் காற்று சுழன்றால் போதும். மூன்று வாரத்துக்கு மேல் இறக்கையில் இறகு வந்த பிறகு கொஞ்சம் நேராகவும் விடலாம்.

உங்கள் குஞ்சுகள் இறந்ததற்கு இன்னொரு காரணமும் உண்டு, என் கணக்கில் அதுதான் பெரியது: தப்பித்துப் போக அவற்றுக்கு இடமில்லை. கம்போங்கில், அந்தக் காலத்துக் கிராமத்தில், தாய்க்கோழியோடு திரிந்த குஞ்சுகளை நினைத்துப் பாருங்கள். மழை தூறினால் தாயின் இறக்கைக்குள் போகும். வெயில் ஏறினால் வெளியே வந்து வாழைமரத்தடி ஈர மண்ணில் படுக்கும். பனையோலை வேய்ந்த அத்தாப்புக் கூரையும் துத்தநாகத் தகடு போலச் சுடாது. எத்தனை டிகிரி வேண்டும் என்பதைக் குஞ்சே முடிவு செய்துகொண்டது. பிளாஸ்டிக் பெட்டியில் நாம் முடிவு செய்கிறோம், தப்பாக முடிவு செய்தால் அதற்கு வேறு போக்கிடம் இல்லை.

எனவே பெட்டியை நீளமானதாகப் பாருங்கள். குறைந்தது ஒரு மீட்டர் நீளம். பிளாஸ்டிக்கைவிட, ஓரத்தில் ஓட்டை போட்ட பெரிய அட்டைப்பெட்டி மேல். அட்டை ஈரத்தை உறிஞ்சும், நனைந்தால் மாற்றிவிடலாம். அதைவிட மேல், நாய்க்குட்டிக்கு வைக்கும் கம்பித் தடுப்பில் கீழே ஒரு சாண் உயரத்துக்கு மட்டும் அட்டை கட்டி வைப்பது. விளக்கு தேவைப்படும் இரவில் அது ஒரு கோடியில் மட்டும் இருக்கட்டும். மறுகோடி இருட்டாக, குளிர்ச்சியாக இருக்க வேண்டும். தண்ணீரும் தீனியும் நடுவில்.

அப்புறம் தெர்மாமீட்டரைவிடக் குஞ்சைப் பாருங்கள். பரவலாகச் சிதறி, சில மேய்ந்து, சில காலை நீட்டிப் படுத்து, மெல்லிய குரலில் கீச் கீச் என்று பேசிக்கொண்டிருந்தால் எல்லாம் சரி. விளக்கடியில் குவிந்து, உரத்த குரலில் விடாமல் கத்தினால் குளிர்கிறது. விளக்கைவிட்டு மறுகோடிச் சுவரோடு ஒட்டி, இறக்கையை உடம்பிலிருந்து அகட்டி, கழுத்தை நீட்டி, சத்தமே இல்லாமல் இரைத்தால் சூடு தாங்கவில்லை. சூட்டில் தவிக்கும் குஞ்சு கத்தாது, அதனால்தான் பலருக்குத் தெரியாமல் போகிறது. தொண்டைக்குக் கீழே தோல் படபடவென்று துடிப்பதைக் குனிந்து பார்த்தால்தான் தெரியும்.

பகலில் விளக்கை அணைக்கச் சொன்னேன், இரவு வேறு கதை. இரவில் இங்கே 25 டிகிரிக்கு இறங்கும். சுமத்ரா புயல்காற்று விடியலுக்கு முன் மழையோடு வீசினால் இன்னும் இறங்கும். வடகிழக்குப் பருவமழைக் காலத்தில், டிசம்பர், ஜனவரியில் நாள் முழுக்க மழை பெய்யும்போது பகலிலேயே 23, 24-க்கு வரும். ஆகவே மூன்று வாரம் வரை இரவு ஏழு மணியிலிருந்து காலை எட்டு மணிவரை, ஒரு கோடியில் குறைந்த வாட் வெப்பம் வேண்டும். எல்இடி பல்பில் அதற்குத் தேவையான சூடு வராது. பழைய குண்டு பல்பு கிடைத்தால் 25 வாட் போதும். உங்களிடம் இருக்கும் செராமிக் விளக்கும் நல்லதே, அதற்கு வெளிச்சம் இல்லாததால் குஞ்சு தூங்கும். ஆனால் உயரத்தைச் சரிசெய்யும்படி சங்கிலியில் தொங்கவிடுங்கள். பெட்டியில் ஒட்டவைத்தால் தீப்பிடிக்கும். இன்னொன்று முக்கியம்: உடையாமல் இருக்க டெஃப்லான் பூசிய வெப்ப பல்புகள் சந்தையில் இருக்கின்றன. சூடேறினால் அதிலிருந்து வரும் புகை மனிதனுக்குத் தெரியாது, பறவையைக் கொன்றுவிடும். அதே காரணத்துக்காக ஒட்டாத தோசைக்கல் அடுப்பில் இருக்கும் சமையலறையிலும் குஞ்சை வைக்காதீர்கள்.

தண்ணீர். வெக்கையில் குஞ்சு தின்னும் தீனியைவிடப் பல மடங்கு தண்ணீர் குடிக்கும், சூடான தண்ணீரைத் தொடாது. கருப்புப் பாத்திரம் வேண்டாம். காலை, பத்து மணி, ஒரு மணி, மூன்று மணி என்று மாற்றுங்கள். வேலைக்குப் போகிறவர் என்றால் வீட்டில் இருக்கும் பெரியவரிடம் இதை மட்டும் கண்டிப்பாகச் சொல்லிவிட்டுப் போங்கள். ஐஸ் தண்ணீர் தேவையில்லை, தொட்டால் குளிர்ச்சி தெரிந்தால் போதும். பாத்திரம் ஆழம் குறைந்ததாக இருக்கட்டும், உள்ளே கூழாங்கல் போடுங்கள். தன் முழங்கால் உயரத் தண்ணீரில்கூட இளங்குஞ்சு மூழ்கிப்போகும். ஒன்றுக்கு இரண்டு பாத்திரம் வைத்தால் பயந்த குஞ்சுக்கும் கிடைக்கும்.

தீனி செரிக்கும்போது உடம்பில் சூடு உண்டாகும். அதனால் பகல் பன்னிரண்டிலிருந்து மூன்று, மூன்றரை வரை தீனித்தட்டை எடுத்துவிடுவது பழைய பண்ணை வழக்கம். அது சரிதான், ஆனால் ஒரு வாரம் தாண்டிய குஞ்சுக்கு மட்டும். விடியலில் நன்றாகத் தின்னவிடுங்கள், மாலை வெயில் தணிந்ததும் மறுபடி கொடுங்கள். 20 விழுக்காடு புரதம் உள்ள குஞ்சுத் தீவனம்தான் கொடுக்க வேண்டும். வெறும் நொய் அரிசி வயிற்றை நிரப்பும், இறகு வளர்க்காது. மூட்டையாக வாங்காதீர்கள். இந்த ஈரக்காற்றில் திறந்த தீவனம் சீக்கிரமே பூஞ்சை பிடிக்கும். அதிலிருந்து வரும் அஃப்லாடாக்சின் என்னும் நஞ்சு குஞ்சின் ஈரலை அழித்துவிடும். சின்னப் பையாக வாங்கி, இறுக்கமான டப்பாவில் வையுங்கள். கட்டி தட்டியிருந்தாலோ பாசி வாடை வந்தாலோ தயங்காமல் கொட்டிவிடுங்கள்.

குஞ்சு மயங்கிக் கிடந்தால் என்ன செய்வது? பதறித் தண்ணீரில் முக்க வேண்டாம், ஐஸ் வைக்க வேண்டாம். நிழலில், காற்றில் வைத்து, இரண்டு காலையும் அறைச்சூட்டுத் தண்ணீரில் நனையுங்கள். காலில் முடியில்லாததால் சூடு அந்த வழியாக இறங்கும். அலகின் ஓரத்தில் விரலால் ஒரு சொட்டு வையுங்கள், அது விழுங்கிய பிறகு அடுத்த சொட்டு. வாய்க்குள் ஊற்றினால் நுரையீரலுக்குப் போய்விடும். தெளிந்த பிறகு சில மணி நேரத்துக்குப் பறவைகளுக்கான எலெக்ட்ரோலைட் பொடியை அதில் சொன்ன அளவில் கலந்து கொடுக்கலாம். வீட்டு உப்பை உத்தேசமாக அள்ளிப் போடாதீர்கள், உப்பு கூடினால் குஞ்சுக்கு அது நஞ்சு.

வெக்கையை ஒருவாறு சமாளித்த பிறகும் நான் பயப்படும் ஒன்று உண்டு, ரத்தக் கழிச்சல். உங்கள் குஞ்சுகள் அந்த வயதுக்குள் நுழையப் போகின்றன, அதனால் இதைக் கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன். காக்சிடியா என்னும் ஒட்டுண்ணி எச்சத்தின் வழியாக வெளியேறி, படுக்கையில் கிடந்து, பிறகு தொற்றும் பக்குவத்தை அடைகிறது. அதற்கு வேண்டியது இளஞ்சூடும் ஈரமும் காற்றும். குளிர்நாட்டில் அதற்கு நாள் பிடிக்கும், நம் ஊரில் ஒன்றிரண்டு நாளில் தயார். மூன்றிலிருந்து ஆறு வார வயதில்தான் அதிகம் தாக்கும். தண்ணீர்ப் பாத்திரத்தைச் சுற்றி நனைந்து கிடக்கும் படுக்கைதான் அதன் பிறப்பிடம். எனவே பாத்திரத்தை ஒரு கம்பிவலைத் தட்டின் மேல் வையுங்கள், சிந்துவது கீழே போகட்டும். படுக்கைக்கு மரச்சீவல் நல்லது, விரல் நீளத் தடிமனில் போடுங்கள். கையில் ஒரு பிடி எடுத்து இறுக்குங்கள். விட்டதும் உதிர்ந்தால் நல்லது, உருண்டையாக நின்றால் அன்றே மாற்ற வேண்டும். நாளிதழ் விரிக்காதீர்கள், வழுக்கிக் கால் அகன்றுபோகும். ஒரு குஞ்சு கண்ணை மூடி, முடியைச் சிலிர்த்து, தோளுக்குள் தலையை இழுத்துக்கொண்டு நின்று, எச்சத்தில் ரத்தமும் கண்டால் காத்திருக்காதீர்கள். பறவை பார்க்கும் கால்நடை மருத்துவரிடம் அன்றே போங்கள். ஆம்ப்ரோலியம் போன்ற மருந்து சீக்கிரம் கொடுத்தால் காப்பாற்றலாம். மஞ்சளும் சின்ன வெங்காயமும் இதற்கு மருந்தில்லை.

வாரத்துக்கு இருமுறை ஒவ்வொரு குஞ்சையும் கையில் எடுத்துப் பின்புறத்தைப் பாருங்கள். எச்சம் காய்ந்து அடைத்திருந்தால் வெதுவெதுப்பான ஈரப் பஞ்சால் ஊறவைத்துத் துடைத்தெடுங்கள். பிய்த்து இழுத்தால் தோல் வந்துவிடும். சூட்டில் தவித்த குஞ்சுகளுக்கு இது அடிக்கடி வரும்.

கொசுவைப் பற்றி ஒரு வார்த்தை. கோழி அம்மையைப் பெரும்பாலும் கொசு பரப்புகிறது, அதனால் கூண்டுக்கு மெல்லிய வலை வேண்டும். தண்ணீர்ப் பாத்திரத்தைக் கழுவாமல் விட்டால் அங்கே டெங்கிக் கொசுவும் முட்டையிடும். தேசிய சுற்றுப்புற வாரிய அதிகாரிகள் வந்து பார்த்தால் அபராதம் நிச்சயம்.

சட்டம் தெரிந்திருப்பீர்கள், இருந்தாலும் மற்றவர்களுக்காகச் சொல்கிறேன். வீவக (வீடமைப்பு வளர்ச்சிக் கழக) வீடுகளில் கோழி வளர்க்க அனுமதியில்லை, குஞ்சாக இருந்தாலும் சரி. தனியார் தரைவீட்டில் சொந்தத்துக்குப் பத்து வரை வைத்துக்கொள்ளலாம். பறவைக் காய்ச்சல் அச்சத்தால், காட்டுப் பறவைகள் நுழைய முடியாத கூண்டில்தான் வைத்திருக்க வேண்டும். இதைத் தேசியப் பூங்காக் கழகம் கவனிக்கிறது. 2017-ல் சின் மிங் பகுதியில் திரிந்த கோழிகளைப் பற்றிச் சத்தப் புகார் வந்து, அவை கொல்லப்பட்டது பலருக்கு நினைவிருக்கும். உங்கள் ஆறில் பாதி சேவலாக இருக்க வாய்ப்புண்டு. கூவத் தொடங்குவதற்கு முன்பே அக்கம்பக்கத்தாரிடம் பேசி, சேவலை என்ன செய்வது என்று முடிவெடுத்துவிடுங்கள்.

கடைசியாக, எப்போது தோட்டத்தில் விடலாம் என்றும் கேட்டிருந்தீர்கள். நான்கு வாரத்திலிருந்து காலை எட்டு முதல் பத்து வரை, மேலேயும் வலை மூடிய கம்பித் தடுப்புக்குள், நிழலில் விடலாம். இறகு முழுக்க வந்த பிறகு, ஆறு வாரத்தில் வெளிக்கூண்டுக்கு மாற்றலாம். இங்கே ஒன்றை மறக்காதீர்கள்: இறகு முளைத்த பிறகு நிலைமை தலைகீழாகும். சூடு தேடிய குஞ்சுக்கு இனி 32 டிகிரியே அதிகம். சிறியதாக இருந்தபோது இடம் போதும் என்றிருந்த கூண்டு இப்போது நெரிசலாகி, ஒன்றின் சூட்டை மற்றொன்று தாங்க வேண்டியதாகும். ஒவ்வொன்றுக்கும் குறைந்தது ஒரு சதுர அடி, முடிந்தால் இரண்டு மடங்கு கொடுங்கள். கூண்டின் கூரை துத்தநாகத் தகடாக இருந்தால் அதன் மேல் ஒரு சாண் இடைவெளி விட்டு நிழல்வலை கட்டுங்கள். தகட்டோடு ஒட்டிக் கட்டினால் பயன் பாதிதான். நான்கு பக்கமும் வலை, மேற்கு வெயில் படும் பக்கம் மட்டும் மறைப்பு. கம்பி இடைவெளி விரல் நுழையாத அளவு இருக்கட்டும், அடிப்பக்கமும் வலை வேண்டும். சிலேத்தார் பக்கக் கால்வாய்களில் மலைப்பாம்பும் உடும்பும் உண்டு, கூரை மேல் மரநாயும் வரும். மூலையில் ஒரு தட்டில் காய்ந்த மண்ணும் கொஞ்சம் மணலும் போட்டுவையுங்கள், மண்குளியல் அவற்றுக்கு அவசியம்.

இன்று மதியம் இரண்டு மணிக்குப் பெட்டிக்குள் குஞ்சின் முதுகு மட்டத்தில் எத்தனை டிகிரி காட்டியது, குஞ்சுகள் பரவி இருந்தனவா ஒதுங்கி இருந்தனவா என்று எழுதுங்கள். அதைப் பார்த்துவிட்டு இரவு விளக்கை எந்த உயரத்தில் தொங்கவிடலாம் என்று சொல்கிறேன்.